தாழிக்குள் உட்கார்ந்தவள்

கற்கால மனிதன் பம்பாயில், செம்பூரில்தான் வாழ்ந்தான். எனக்கு நன்றாகத் தெரியும். காலையில் ஷேர் ஆட்டோவில் வந்து இறங்குவான், நின்றபடியே ரெண்டு வடாபாவ் தின்பான், கோந்து தடவித் தாடி ஒட்டிக்கொள்வான், அதற்கப்புறம்தான் வேட்டைக்குப் போவான். உடம்பு மட்டும் ஜிம்மில் வளர்த்தது. கிழங்கு தோண்டித் தின்று பாதி நாள் பட்டினி கிடந்தவனுக்கு வயிற்றில் கட்டுக்கட்டாக அது எப்படி வந்தது என்று ஒருமுறை கேட்டேன். "மேடம், தேக்னே மே அச்சா லக்னா சாஹியே," என்றார் டைரக்டர். பார்க்க நன்றாக இருக்க வேண்டுமாம். அவன் பின்னால் தெரிந்த குன்றுக்கு அந்தப்பக்கம் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையின் புகைபோக்கி உச்சியில் எந்நேரமும் நெருப்பு எரிந்துகொண்டிருக்கும். புகைபோக்கியை வெட்டிவிட்டு நெருப்பை மட்டும் வைத்துக்கொண்டு அதை எரிமலை என்றார். அணுசக்தி நகர் ஸ்டாஃப் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனதைக் காட்டு மிருகம் ஒன்றின் குரலாக மாற்றிவிட்டார். ஆள் கெட்டிக்காரர், அதைச் சொல்லத்தான் வேண்டும்.

இந்த ஆவணப்படக் கம்பெனியில் நான் தமிழ் எழுதுகிறவள். குகை, எலும்பு, கல்லாயுதம், பானை ஓடு என்று மண்ணுக்கடியில் இருந்து எது வெளியே வந்தாலும் டைரக்டர் அதைப் படமாக்கிவிடுவார். முதலில் இந்தி, பிறகு மற்ற பாஷைகள். தமிழ் உரையை எழுதிவிட்டு, அதை நானே வாசித்து ஒரு பதிவும் செய்து கொடுப்பேன். அதற்குப் பைலட் என்று பெயர். எந்தக் காட்சிக்கு எவ்வளவு பேச்சு என்று எடிட்டர் அளந்து வெட்டுவதற்கான தற்காலிகக் குரல். வெட்டி முடித்ததும் பைலட்டை ஓரங்கட்டிவிட்டு, உண்மையான குரல் ஒன்றைக் கூட்டிவந்து அதே உரையைப் பேச வைப்பார்கள். உண்மையான குரல் என்றால் என்னுடையதைத் தவிர ஊரில் இருக்கிற மற்ற எல்லாக் குரலும்.

இதில் என்னைவிட என் அப்பாவுக்குத்தான் வருத்தம். தாராவியில் தோல் பை தைக்கிற பட்டறையில் ஆயுசெல்லாம் உட்கார்ந்தவர். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து சின்ன வயசில் ரயிலேறி வந்தார். இன்றைக்கும் வாயைத் திறந்தால் இப்போதுதான் ரயிலை விட்டு இறங்கியவர் மாதிரியே பேசுவார். எங்கள் முதல் கற்காலப் படத்துக்குத் தோல் கோவணங்கள் தைத்துக் கொடுத்தவர் அவர்தான். அளவு சொல்லப் போனபோது, "ஆதிமனுசனுக்கு ஜிப்பு வைக்கணுமாட்டி, பட்டன் போதுமா?" என்று முகத்தில் சிரிப்பே இல்லாமல் கேட்டார். ரெண்டும் வேண்டாம் என்று சொல்லிவிட்டு வந்தேன். கை பழகின பழக்கம், ஒன்றில் வைத்துவிட்டார். காட்டெருமையைத் துரத்துகிற கும்பலில் கடைசி ஆளை நிறுத்திப் பார்த்தால் இடுப்பில் பித்தளை மின்னும். உலகத்தின் மிகப் பழைய ஜிப் தாராவி தயாரிப்பு என்பதை எந்த ஆராய்ச்சியாளரும் இன்னும் கண்டுபிடிக்கவில்லை.

அப்புறம் சர்க்கரை வந்து அவர் கண்ணைப் பறித்துக்கொண்டது. வெளிச்சம் தெரியும், ஆள் தெரியாது. நான் எழுதிய படம் டிவியில் வரும்போது முன்னால் உட்கார்ந்து காதைக் கொடுத்துக் கேட்பார். "பாக்கத்தான் வழியில்ல, கேக்கவாது செய்யலாம்னா எவனோ ஒருத்தன்லா பேசுதான். ஒஞ் சத்தம் எப்பம்ட்டி வரும்?" என்பார். அடுத்த படத்தில் வரும் அப்பா என்பேன். அப்படியே பல அடுத்த படங்கள் போய்விட்டன. அப்பா கேட்பதை மட்டும் விடவில்லை. எனக்கும் அந்த ஆசை இருந்தது. இருந்தது என்ன, நெஞ்சை அடைத்துக்கொண்டு கிடந்தது. ஒரு படமாவது முழுசாக என் குரலில் வந்து அதை அவர் கேட்க வேண்டும்.

அந்த நேரத்தில்தான் தாமிரபரணிக் கரையில் கிடைத்த தாழிகளைப் பற்றிப் படம் எடுப்பது என்று முடிவாயிற்று. டைரக்டர் என்னைக் கூப்பிட்டு இந்தியில், "மேடம், உங்க ஊரு, உங்க ஹிஸ்டரி. இந்தத் தடவை வாய்ஸ் நீங்கதான், பக்கா, பக்கா," என்றார். பக்கா என்று ரெண்டு தரம் சொன்னார். பம்பாயில் ஒரு விஷயத்தைப் பக்கா என்று ரெண்டு தரம் சொன்னால் அது நடக்காது என்று அர்த்தம். பிறந்து வளர்ந்த ஊர், இதுகூடத் தெரியாமலா இருக்கும். தெரிந்தும் அன்றைக்கே அப்பாவிடம் போய்ச் சொல்லிவிட்டேன்.

தாழி என்பது ஓர் ஆளை உட்கார்த்தி வைக்கிற அளவுக்குப் பெரிய மண்பானை. இறந்தவரை அதற்குள் கால் மடக்கி வைத்து, பக்கத்தில் அரிசியோ இரும்புக் கத்தியோ வைத்து, வாயை மூடிப் புதைத்திருக்கிறார்கள். முதல் கூட்டத்தில் இதை இந்தியில் விளக்கிக்கொண்டிருந்தேன். எல்லாரும் மரியாதையாகத் தலையாட்டினார்கள். மறுவாரம் கலை இயக்குநர் டெம்போவில் எதையோ ஏற்றிக்கொண்டு வந்தார். திறந்து பார்த்தால் கல்யாணப் பந்தியில் சோறு கொட்டுகிற மாதிரி ஒரு பெரிய பித்தளைத் தட்டு. ஆள் படுக்கலாம். ஓரத்தில் பூவேலை வேறு. நான் தாழி தாழி என்று தொண்டை கிழியச் சொன்னது அவர்கள் காதில் 'தாலி' என்று விழுந்திருக்கிறது. இந்தியில் அது சாப்பாட்டுத் தட்டு. நம் ஆதித் தமிழன் பிணத்தைத் தட்டில் வைத்துப் பரிமாறினான் என்று நம்பி ஒரு வாரம் வேலை பார்த்திருக்கிறார்கள். அது அவர்களுக்கு விசித்திரமாகவே படவில்லை என்பதுதான் எனக்கு எரிச்சல். மதராஸிகள்தானே, செய்திருப்பார்கள் என்று விட்டுவிட்டார்கள்.

படத்தின் உரையை நான் இப்படித் தொடங்கியிருந்தேன்: "இந்த மண்ணில் ஒருத்தி வாழ்ந்தாள். அவள் பெயர் நமக்குத் தெரியாது. அவள் என்ன பேசினாள் என்பதும் தெரியாது. அவளுக்கு வாய் இருந்தது என்பது மட்டும் தெரியும். பற்கள் கிடைத்திருக்கின்றன." டைரக்டருக்கு இதை இந்தியில் சொன்னபோது முகம் சுருங்கியது. தெரியாது தெரியாது என்றால் காசு கொடுத்த டிவிக்காரன் என்ன நினைப்பான் என்றார். அந்த அஞ்சு வரியும் போயிற்று. அதற்குப் பதிலாக, "காலம் என்னும் கடலின் ஆழத்தில்" என்று ஆரம்பிக்கச் சொன்னார். எழுதிக் கொடுத்தேன். கடல் எங்கே வந்தது என்று யாரும் கேட்கவில்லை.

அதோடு உரை, பம்பாய்த் தமிழ்ப் பெரிய மனிதர்கள் இருக்கிற மாட்டுங்காவுக்குப் போயிற்று. அங்கே கம்பெனிக்கு மொழி ஆலோசகர் ஒருவர் உண்டு. பெரிய ஆபீசில் பெரிய பதவியில் இருந்து ஓய்வு பெற்றவர், கச்சேரி, உபன்யாசம் எதற்கும் முன்வரிசை. தமிழ் என்று வந்துவிட்டால் பம்பாயில் அவர் சொன்னால் சொன்னதுதான் என்று டைரக்டருக்கு யாரோ ஓதியிருக்கிறார்கள். பெரியவர் என் உரையில் ஒரே ஒரு சொல்லைத் தேடித் தேடி அடித்திருந்தார். சவம்.

"சவம்னு போடப்படாதும்மா. கேக்கறச்சே அமங்கலமா இருக்கு. அமரர்னு போடுங்கோ."

"மாமா, இது மண்ணுக்குள்ள புதைச்ச கதை. மங்கலமா எப்படி எழுதறது?"

"அதுக்காக? எல்லாத்துக்கும் ஒரு டீசன்ஸி இருக்கோன்னோ?"

எங்கள் வீட்டில் சவம் என்பது சோறு, தண்ணீர் மாதிரி ஒரு சொல். பால் பொங்கி வழிந்தால் சவம், லோக்கல் ட்ரெயினை விட்டால் சவம், செல்லம் கொஞ்சினாலும் 'போ சவமே' தான். அம்மா என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டதைவிடச் சவமே என்று கூப்பிட்டதுதான் அதிகம். அந்தச் சொல்லைப் பெரியவர் சிவப்பு மையால் அடித்து எல்லா இடத்திலும் அமரர் ஆக்கிவிட்டார். "அமரரின் முழங்கால்கள் மடக்கப்பட்டு" என்று வாசிக்கும்போது எனக்கே யாரோ மந்திரிக்கு மாலை போடப் போகிற மாதிரி இருந்தது.

படப்பிடிப்பு செம்பூரில் ஒரு பழைய கொட்டகையில். தட்டு திரும்பிப் போய், தாராவியில் குயவர்கள் இருக்கிற கும்பார்வாடாவில் சொல்லிச் செய்த நிஜமான பானை வந்து இறங்கியது. நல்ல பானை. அமரராக நடிக்க வந்த துணை நடிகர்தான் அதற்குள் இறங்கவில்லை. அதே ஜிம் உடம்பு. தோள் வாயிலேயே மாட்டிக்கொண்டது. அவரை வெளியே உருவி எடுத்துத் தேங்காய் எண்ணெய் போட்டுத் தேய்த்துவிட்டார்கள். டைரக்டர் கொட்டகையை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தார். கேமராக்காரர், விளக்குக்காரர்கள், டீ கொண்டுவந்தவர் எல்லாரையும் தாண்டிக் கண் என்மேல் வந்து நின்றது.

"மேடம், ஆப் பைட்டியே நா, நீங்களே உட்காருங்க. சைஸ் சரியா இருக்கும். ஸ்கின் டோனும் பெர்ஃபெக்ட். மேக்கப்பே வேண்டாம்."

மேக்கப்காரர் என் முகத்தை ஒரு நிமிஷம் பார்த்துவிட்டு டப்பாவை மூடியே விட்டார். மூவாயிரம் வருஷத்துக்கு முந்தைய பிணத்துக்கு மேக்கப் இல்லாமலே நான் சரியாக இருக்கிறேனாம்! நான் கறுப்பு. அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. அதை ஒரு பாராட்டு மாதிரிச் சொன்னாரே, அதற்குத்தான் பக்கத்தில் கிடந்த கல்லாயுதத்தை எடுத்து ஒரு போடு போடலாமா என்று வந்தது. தெர்மோகோல் கல்லாயுதம், போட்டாலும் பிரயோஜனம் இல்லை. வாய்ஸ் நீங்கதான் பக்கா என்ற சொல் காதில் இருந்ததால் இறங்கி உட்கார்ந்தேன். முழங்கால் முகவாயில் முட்டியது. மேலே வட்டமாகக் கொட்டகைத் தகரமும் டைரக்டரின் தொப்பியும் தெரிந்தன. எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்டேன்.

"மேடம், பேசாதீங்க. ஆப் தோ மர் சுகீ ஹைன்."

நான் செத்தாயிற்றாம். செத்தவள் மூச்சு விட்டால் கேமராவில் தெரியுமாம். பேசாமல் கிடந்தேன்.

வீட்டுக்குப் போய் அப்பாவிடம் சொன்னபோது விழுந்து விழுந்து சிரித்தார். "சினிமால சேத்துருக்கான்னு பாத்தா, சவமால்லா சேத்துருக்கான்." மறுநாள் எங்கள் வரிசை முழுக்கத் தெரிந்துவிட்டது. தண்ணீர் பிடிக்கப் போனால், "என்னக்கா, சவமா நடிச்சியளாமே," என்று துக்கம் விசாரிக்கிற தோரணையில் கேட்டார்கள். எல்லாரிடமும் அப்பா ஒன்றை மட்டும் சேர்த்தே சொல்லியிருந்தார். "பேசுததும் அவதான். படம் பூரா அவ சத்தந்தான்."

பைலட்டை ரொம்பக் கவனமாகப் பேசினேன். இந்தத் தடவை அது தற்காலிகம் இல்லை என்று நினைத்துக்கொண்டு பேசினேன். ஒன்றைச் சொல்லிவிட வேண்டும், எங்கள் வீட்டுத் தமிழில் ழ கிடையாது. மழைக்கு மள, பழத்துக்குப் பளம். பள்ளிக்கூடத்தில் ஒரு டீச்சர் என்னை எழுப்பி நிறுத்தி வாழைப்பழம் சொல்லச் சொல்லி, வகுப்பு மொத்தத்தையும் சிரிக்க வைத்தார். அன்றைக்கு வந்த ரோஷத்தில் கண்ணாடி முன்னால் நின்று நாக்கை மடித்து மடித்துப் பழகினேன். "வாய்க்குள்ள என்னத்தட்டி தேடுத, சவமே?" என்று அம்மா கேட்பாள். தேடியதைக் கண்டுபிடித்தேன். என் ழ இன்றைக்கு மாட்டுங்காவில் யாருடைய ழவுக்கும் சளைத்ததில்லை.

பைலட்டைக் கேட்டுக் கருத்துச் சொல்ல டைரக்டர் அதை அந்தப் பெரியவருக்குத்தான் அனுப்பினார். பெரியவர் என்ன சொன்னார் என்பதை டைரக்டர் என்னிடம் மறைக்கக்கூட இல்லை, ஃபோனில் வந்த பதிவையே போட்டுக் காட்டிவிட்டார். "உச்சரிப்பெல்லாம் சரியாத்தான் இருக்கு. ஆனா என்னமோ ஒரு தாராவி வாடை அடிக்கறது. சரித்திரப் படத்துக்கு அது சேராது." குரலில் வாடை அடிக்கிறதாம்! மூக்கால் கேட்கிற மனிதரை நான் அன்றைக்குத்தான் முதன்முதலில் கண்டேன். டைரக்டர் தமிழ் தெரியாதவர், அதனால் வாடை என்றால் என்ன என்று என்னிடமே கேட்டார். நானே என் வாயால் மொழிபெயர்த்துச் சொன்னேன்.

"ஸாரி மேடம். நெக்ஸ்ட் ஃபிலிம், பக்கா."

அப்பாவிடம் அன்றைக்கே சொன்னேன்.  "சவத்த விட்டுத் தள்ளுட்டி. சவம் எங்கயாவது பேசுமா?" என்றார். சிரிக்க வைக்கத்தான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அடுத்த படம் வரும்வரை அவர் இருக்க வேண்டுமே என்று மனசு கிடந்து அடித்துக்கொண்டது.

உண்மையான குரல் சான்பாடாவிலிருந்து வந்தது. ரேடியோவில் பேசிப் பேர் வாங்கிய இளைஞர், தேன் மாதிரிக் குரல். தங்கமான பையன், நான் அவரைக் குறை சொல்ல மாட்டேன். "அக்கா, வீட்ல தமிழ்தான். பேசுவேன், மஸ்த்தா பேசுவேன். பட்னா நஹி ஆத்தா," என்றார். வாசிக்கத் தெரியாது. இங்கிலீஷ் எழுத்தில் தமிழை எழுதிக் கொடுங்கள் என்றார். உட்கார்ந்து முழு உரையையும் இங்கிலீஷ் எழுத்தில் அடித்தேன், ழ வருகிற இடத்தில் எல்லாம் வழக்கம்போல் இசட் எச் போட்டு. அது டைரக்டர் கண்ணில் பட்டுவிட்டது. இதென்ன சீனா பாஷை மாதிரி என்றார். அது ழ என்றேன். டைரக்டர் யோசித்தார். அவர் யோசித்தால் ஆபத்து.

"தமிழ்ங்கிற பேர்லயும் அந்த எழுத்துதானே கடைசி? அதை எல் போட்டுத்தானே உலகமே எழுதுது? அப்ப எல்லாத்தையும் எல் ஆக்கிடலாம்."

வேண்டாம் என்றேன். நான் அந்தப் பக்கம் போனதும் கம்ப்யூட்டரில் ஒரே தட்டு, உரையில் இருந்த எல்லா ழவும் ல ஆகிவிட்டது. பேசும் நாளன்று என்னைக் கூப்பிடவும் இல்லை. அந்தப் பையன் பாவம், மலை பெய்தது என்று இருந்தால் மழை பெய்தது என்று தானாகவே திருத்திக்கொண்டார். வீட்டில் தமிழ் பேசுகிற பிள்ளை ஆச்சே. பழம், கிழவி, வாழ்ந்தார்கள் எல்லாம் சரியாகவே வாயில் வந்துவிட்டன. தாழி என்ற சொல்லை மட்டும் அவர் பிறந்ததிலிருந்து கேட்டதில்லை. தாலியைக் கேட்டிருக்கிறார், அவர் அம்மா கழுத்திலேயே கிடக்கிறது. ஆக, தேன் மாதிரிக் குரலில், உருகி உருகி, படம் நெடுக தாலி.

சென்னையிலிருந்து டிவிக்காரர்கள் அழைத்த பிறகுதான் எங்களுக்கே தெரியும். டைரக்டர் எனக்கு ஃபோன் போட்டார். "மேடம், தாலி மே க்யா ப்ராப்ளம் ஹை?" தாலியில் என்ன பிரச்சினையாம். பதிவை அனுப்பச் சொல்லிக் கேட்டேன். "ஊருக்கு வெளியே ஏராளமான தாலிகள் மண்ணுக்கடியில் கிடைத்தன." "தாலியை உடைத்துப் பார்த்தபோது உள்ளே எலும்புகள் இருந்தன." "தாலியின் வாயை இறுக மூடினார்கள்." பஸ் ஸ்டாப்பில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். சிரித்த சிரிப்பில் பக்கத்தில் நின்றவர் தள்ளிப் போய் நின்றார். "தாலிக்குள் ஒரு பெண் மடக்கி வைக்கப்பட்டிருந்தாள்" என்ற ஒரு வாக்கியத்தை மட்டும் திருத்த வேண்டாம், அதில் தப்பே இல்லை என்று சொல்லலாமா என்று பார்த்தேன்.

அந்தப் பையன் மேடை நிகழ்ச்சிக்காகத் துபாய்க்குப் போய்விட்டாராம், உடனே வர வழியில்லை. டிவிக்காரர்களுக்குப் படம் உடனே வேண்டும்.

"மேடம், நீங்க வந்து அந்த ஒரு வேர்டை மட்டும் பேசிக் குடுங்க. ஒரே ஒரு வேர்ட்."

"முழுப் படமும் பேசுதேன். அதுதான் நீங்க சொன்ன பக்கா. ஒரு வேர்டுக்கு நான் வர மாட்டேன்."

கோபத்தில் எனக்கு வீட்டுப் பேச்சு வந்துவிடும், இந்திக்காரரிடமும் வந்துவிட்டது. திரும்ப இந்தியில் சொன்னேன். யோசிக்கிறேன் என்று வைத்துவிட்டார். இந்தத் தடவையாவது வேறு வழியில்லாமல் கூப்பிடுவார் என்று நம்பினேன். அப்பாவிடம் ஒன்றும் சொல்லாமல், ஃபோனைக் கையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன். ஃபோன் வரவில்லை. அதற்குப் பதிலாக மாட்டுங்காவில் ஒரு ஹாலில் தமிழ் மக்களுக்கான சிறப்புத் திரையிடல் என்று அழைப்பு வந்தது. பையனை வரவழைத்துச் சரிசெய்துவிட்டார்கள் போல என்று நினைத்துக்கொண்டேன்.

நான் போவதாக இல்லை. அப்பாதான் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு தயாராக உட்கார்ந்துவிட்டார்.

"நான் அதுல பேசலப்பா. சொன்னேம்லா?"

"பேசாட்டா என்ன? சவமாவாது இருக்கேல்லா. வா, போவோம்."

டாக்ஸி பிடித்துக் கூட்டிப் போனேன். ஹால் நிறைந்திருந்தது. முன்வரிசையில் பெரியவர், அங்கவஸ்திரத்தோடு. அப்பாவைப் பின்னால் ஓரத்து நாற்காலியில் உட்கார வைத்தேன். விளக்கு அணைந்தது, காலம் என்னும் கடலின் ஆழம் வந்தது, தேன் குரல் வந்தது. அப்பா தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். திரையில் பானை வந்தது. உள்ளே நான், முழங்காலில் முகம் வைத்து. "இறந்தவரின் உடலை இந்தத்" என்று தேன் இழுத்தது. அதற்குள் சட்டென்று ஒரு பெண் குரல்.

"தாழிக்குள்."

"வைத்து" என்று தேன் தொடர்ந்தது.

நான் அசையவில்லை. அப்பா நிமிர்ந்தார். "ஏட்டி! இது நீல்லா!" என்று ஹால் மொத்தத்துக்கும் கேட்கக் கத்தினார். உஷ் உஷ் என்றார்கள். என் பைலட்டிலிருந்து எடுத்திருக்கிறார்கள். நான் வர மாட்டேன் என்றதும், ஓரத்தில் கிடந்த என் குரலைத் தோண்டி, அந்த ஒரு சொல்லை மட்டும் வெட்டி ஒட்டியிருக்கிறார்கள். தாழி, தாழியை, தாழியின், தாழிக்குள். ஆணும் பெண்ணும் ஒரே வாக்கியத்தில் மாறி மாறி. ஒவ்வொரு தடவை வரும்போதும் அப்பா என் கையை அமுக்கினார். அடுத்தது எப்போது வரும் என்று மற்ற எல்லாப் பேச்சையும் பொறுத்துக்கொண்டு காத்திருந்தார். எனக்குப் பொங்கிக்கொண்டு வந்தது. கோபம்தான், ஆனால் அவர் முகத்தைப் பார்த்தபோது அழுகையும் சேர்ந்து வந்தது. கேட்காமல் எடுத்துவிட்டார்களே என்பது ஒரு பக்கம், இதற்கே இந்த மனிதர் இப்படிச் சந்தோஷப்படுகிறாரே என்பது ஒரு பக்கம்.

விளக்கு வந்தது. கடைசியில் ஓடிய பெயர்களில் நான் இல்லை. டைரக்டர் மேடை ஏறினார். யாரோ ஓர் அம்மாள் எழுந்து, நடுநடுவே வந்த பெண் குரல் மனசை என்னவோ செய்துவிட்டது, அது ஏன், அது யார் என்று கேட்டார். டைரக்டருக்கு ஒரு நிமிஷம் முகம் வெளுத்தது. மறுநிமிஷம் எரிமலை கண்டுபிடித்த மூளை வேலை செய்தது. அந்தப் பானை ஒரு கர்ப்பப்பை என்றார். மனிதன் தாயிடம் திரும்பிப் போகிறான் என்றார். அதனால் அந்த ஒரு சொல்லை மட்டும் ஒரு பெண்ணுக்குக் கொடுக்க வேண்டும் என்று படத்தின் முதல் நாளே முடிவு செய்துவிட்டாராம். "அவளுக்குப் பெயர் கிடையாது. ஷீ இஸ் அனானிமஸ். அது ஆதித்தாயின் குரல்." ஹால் கைதட்டியது. பெரியவர் எழுந்து நின்று தட்டினார். அன்றைக்கு அவருக்கு ஒரு வாடையும் அடிக்கவில்லை.

மைக் கூட்டத்துக்குள் வந்தது. கையை நீட்டி வாங்கினேன்.

"அந்தச் சவம் நாந்தான்," என்றேன். திருநெல்வேலியிலேயே சொன்னேன். "சத்தமும் என்னோடதுதான். தாராவில இருந்து வாரேன். ஆதித்தாய்லாம் ஒண்ணும் இல்ல. எடுக்கதுக்கு முன்னால சவத்துகிட்ட ஒரு வார்த்த கேட்டுருக்கலாம்."

முன்வரிசையில் பெரியவர் திரும்பினார். "அமரர்னு சொல்லும்மா," என்றார், மெதுவாக, பழக்கத்தில். சிலர் சிரித்துவிட்டார்கள். டைரக்டருக்கு நான் சொன்னது புரியவில்லை, என் முகம் புரிந்திருக்கும். ஹால்காரரைப் பார்த்து நேரமாகிவிட்டது என்று கையைக் காட்டினார். நான் மைக்கை விடவில்லை. அவர் வெட்டி எறிந்த அஞ்சு வரி எனக்கு மனப்பாடம்.

"இந்த மண்ணில் ஒருத்தி வாழ்ந்தாள். அவள் பெயர் நமக்குத் தெரியாது. அவள் என்ன பேசினாள் என்பதும்..."

மைக் செத்துப்போனது. பின்னால் ஸ்விட்சை அணைத்துவிட்டார்கள். நாற்காலிகள் நகர்கிற சத்தம் ஆரம்பித்தது. அப்பா என் புடவைத் தலைப்பைப் பிடித்து இழுத்தார்.

"சவத்து மைக்கு கெடக்கட்டும். நீ சத்தமாச் சொல்லுட்டி, நான் கேக்கேம்லா."